பிரித்துப் பார்த்த மந்திரவாதி



மாயாஜாலக் கதைகள் படித்திருப்பீர்கள். மந்திரவாதி கண்ணை மூடி ஏதோ முணுமுணுப்பான். பாதாளத்திலிருந்து பூதம் ஒன்று புறப்பட்டு வந்து கைகட்டி நிற்கும். "கிணற்று நீரையெல்லாம் வயலுக்குக் கொண்டு போ" என்பான். மறுகணமே வாய்க்காலில் நீர் புரண்டோடும்!

இந்தக் காட்சியைக் காணக் கதைப் புத்தகத்தைத் தேடிப் போகவேண்டியதில்லை. தருமபுரி மாவட்டத்தில் பென்னாகரம், அரூர், பாலக்கோடு என்று எந்த ஊர்ப் பக்கம் போனாலும் நேரிலேயே காணலாம். கிணற்றடியில் ஓர் ஓட்டுக் கொட்டகை. அதற்குள் சுவரில் ஒரு பெட்டி. பெட்டியில் பச்சைப் பொத்தான் ஒன்று, சிவப்புப் பொத்தான் ஒன்று. விவசாயி பச்சைப் பொத்தானை அழுத்துகிறார். 'ம்ம்ம்' என்று ஒரு முழக்கம் எழுகிறது. குழாயின் வாயிலிருந்து நீர் பாய்ந்து வந்து தொட்டியில் விழுகிறது. பூதம் வேலையைத் தொடங்கிவிட்டது!

அந்தப் பூதத்தின் பெயர் மின்மோட்டார். அதனைத் தினமும் பார்க்கிறோம். ஆனால் அதற்குள் என்ன நடக்கிறது என்று கேட்டால், நம்மில் பலருக்கு அது மந்திரப் பெட்டியே. கல்லூரியில் இயற்பியல் படிக்க வரும் முதலாண்டு மாணவர்களிடம் நான் ஒரு கேள்வி கேட்பது வழக்கம்: "கிணற்று மோட்டாரில் சுழலுகின்ற பகுதிக்கு வெளியிலிருந்து எந்தக் கம்பியும் போவதில்லை. எதுவும் அதைத் தொட்டுத் தள்ளுவதுமில்லை. பிறகு யார் அதைச் சுழற்றுகிறார்கள்?" ஃபாரடேயின் விதியை ஒப்பிக்கத் தெரிந்த மாணவர்கள்கூட இந்தக் கேள்விக்குத் திகைத்து நிற்பார்கள். காரணம் எளியது. அவர்களில் பெரும்பாலோர் ஒரு மோட்டாரைப் பிரித்துப் பார்த்ததே இல்லை.

பிரித்துப் பார்ப்பதையே வாழ்க்கையாகக் கொண்ட ஒருவர் நம் தமிழகத்தில் வாழ்ந்தார். மக்கள் அவரை 'அதிசய மனிதர்' என்றும் 'இந்தியாவின் எடிசன்' என்றும் அழைத்தார்கள். அவர்தாம் கோயம்புத்தூர் ஜி.டி. நாயுடு. மந்திரவாதி என்று நாம் ஒருவரை வேடிக்கையாக அழைக்கலாமென்றால் அந்தப் பெயர் அவருக்குப் பொருந்தும். ஆனால் கதைகளில் வரும் மந்திரவாதி தன் வித்தையை மறைத்து வைப்பான். இவரோ பிறருக்குக் கற்றுத்தரப் பள்ளி தேடியவர்.

மோட்டார் சைக்கிளும் ஓர் இளைஞரும்

கோபால்சாமி துரைசாமி நாயுடு 1893-ஆம் ஆண்டு மார்ச் 23-ஆம் நாள் கோவையை அடுத்த கலங்கல் என்னும் சிற்றூரில் பிறந்தார். பள்ளிக்கூடம் அவருக்குப் பிடிக்கவில்லை. ஆரம்பப் பள்ளியோடு அவருடைய படிப்பு நின்றது. வயலிலே வேலை செய்துகொண்டிருந்த அந்த இளைஞரின் வாழ்க்கையை மாற்றியது ஒரு மோட்டார் சைக்கிள்.

வெள்ளைக்கார அதிகாரி ஒருவர் அதில் ஏறி ஊருக்கு வந்தார். இங்கிலாந்தில் செய்யப்பட்ட 'ரட்ஜ்' என்னும் வண்டி அது. மாடும் இல்லாமல், குதிரையும் இல்லாமல் தானே ஓடுகிற வண்டி! ஊரே அதிசயித்தது. ஆனால் இளைஞர் துரைசாமி அதிசயித்ததோடு நிற்கவில்லை. 'இது எப்படி ஓடுகிறது?' என்ற கேள்வி அவரைப் பிடித்துக்கொண்டது. கோவைக்குச் சென்று ஓர் ஓட்டலில் பரிமாறும் வேலையில் சேர்ந்தார். காசு காசாகச் சேர்த்து, அதே மாதிரியான மோட்டார் சைக்கிளை வாங்கினார்.

வாங்கியதும் அவர் என்ன செய்தார் தெரியுமா? ஊரைச் சுற்றி வந்து பெருமையடித்துக் கொள்ளவில்லை. அதை ஒவ்வொரு திருகாணியாகப் பிரித்தார். ஒவ்வோர் உறுப்பும் எதற்காக இருக்கிறது என்று ஆராய்ந்தார். பின்னர் மீண்டும் பூட்டினார். வண்டி ஓடியது! இந்த நாட்டின் தலைசிறந்த பொறியாளர்களுள் ஒருவர் படித்த முதல் பாடப் புத்தகம் அந்த மோட்டார் சைக்கிள்தான்.

1920-ஆம் ஆண்டில் ஒரே ஒரு பேருந்தை வாங்கிப் பொள்ளாச்சிக்கும் பழனிக்கும் இடையே தாமே ஓட்டினார். அந்த ஒரு வண்டி சில ஆண்டுகளில் 'யுனிவர்சல் மோட்டார் சர்வீஸ்' என்ற பெரிய போக்குவரத்து நிறுவனமாக வளர்ந்தது. பேருந்துகள் வருமானம் தந்தன. அந்த வருமானம் பட்டறையாகவும் கருவிகளாகவும் வெளிநாட்டுத் தொழிற்சாலைகளைக் காணும் பயணங்களாகவும் மாறியது.

கவலை இறைத்த காலம்

அந்நாளில் நம் கிணறுகளிலிருந்து நீர் எவ்வாறு வெளியே வந்தது? உங்கள் தாத்தாவைக் கேளுங்கள். 'கவலை' என்பார். பெரிய சாலில் கயிற்றைக் கட்டி, இரண்டு மாடுகளைச் சரிவான பாதையில் இறங்கவும் ஏறவும் விட்டு நீர் இறைப்பார்கள். விடியுமுன் தொடங்கினால் வெயில் ஏறும்வரை மாடும் மனிதரும் உழைக்கவேண்டும்.

சிறிய கணக்கு ஒன்று போடுவோம். ஒரு சாலில் 100 லிட்டர் நீர் என்றும், கிணற்றின் ஆழம் 10 மீட்டர் என்றும் வைத்துக்கொள்வோம். 100 லிட்டர் நீரின் நிறை 100 கிலோகிராம். அதனை 10 மீட்டர் உயர்த்தச் செய்யும் வேலை 100 × 9.8 × 10 = 9,800 ஜூல். இனி 5 குதிரைத் திறன் கொண்ட ஒரு மோட்டாரை எடுத்துக்கொள்வோம். ஒரு குதிரைத் திறன் 746 வாட். ஆகவே மோட்டாரின் திறன் 3,730 வாட். பம்பிலும் குழாயிலும் பாதி வீணாகிறது என்றே கொள்வோம். மீதி 1,865 வாட். அதாவது நொடிக்கு 1,865 ஜூல். 9,800-ஐ 1,865-ஆல் வகுத்துப் பாருங்கள். மாடுகள் ஒரு முறை இறங்கி இழுக்கும் சாலை இந்த மோட்டார் சற்றேறக்குறைய 5 நொடியில் இறைத்துவிடும்! அதுவும் களைப்பில்லாமல், வைக்கோல் கேட்காமல்.

மோட்டார் ஓட மின்சாரம் வேண்டுமல்லவா? அதுவும் அந்தக் காலத்தில்தான் நம் பகுதிக்கு வந்தது. நீலகிரியில் பைக்காரா நீர்மின் நிலையம் 1932-இல் இயங்கத் தொடங்கியது. நம் ஒகேனக்கல் பாறைகளில் விழுந்து சிதறும் காவிரி, அங்கிருந்து போய்ச் சேருமிடம் மேட்டூர் அணையின் ஸ்டான்லி நீர்த்தேக்கம். அந்த அணை 1934-இல் திறக்கப்பட்டது. 1937-இல் அங்கே மின் உற்பத்தி தொடங்கியது.

அதே 1937-ஆம் ஆண்டில் கோவை பீளமேட்டில் நாயுடுவின் 'நேஷனல் எலக்ட்ரிக் ஒர்க்ஸ்' பட்டறையிலிருந்து ஒரு மின்மோட்டார் வெளிவந்தது. இந்தியாவில் உருவான முதல் மின்மோட்டார் என்று அதனைப் போற்றுகிறார்கள். இம்முயற்சியில் டி. பாலசுந்தரம் நாயுடுவுக்கும் பெரும் பங்குண்டு. பிற்காலத்தில் 'டெக்ஸ்டூல்' நிறுவனத்தை உருவாக்கியவர் அவரே. எந்த அதிசயமும் ஒரு தனி மனிதரின் கைகளால் மட்டும் நிகழ்வதில்லை என்பதை இங்கே நினைவில் கொள்ளுங்கள்.

தொடாமலே சுழலும் தட்டு

இனி, தொடக்கத்தில் கேட்ட கேள்விக்கு வருவோம். தொடாமல் சுழற்றுவது எப்படி? இதை நீங்களே வீட்டில் செய்து பார்க்கலாம். மின்சாரம் தேவையில்லை.

ஓட்டல்களில் உணவு கட்டித் தரும் அலுமினியக் கிண்ணம் ஒன்றை எடுத்து, அடிப்பாகம் ஒரு தட்டுப் போல வரும்படி, விளிம்பை விரற்கடை அளவே விட்டு வெட்டிக்கொள்ளுங்கள். அகன்ற பாத்திரத்தில் ஏறக்குறைய விளிம்பு வரை நீர் ஊற்றி அதில் இந்தத் தட்டை மிதக்க விடுங்கள். பாத்திரத்தின் மேல் ஒரு கண்ணாடித் தகட்டை வைத்து மூடுங்கள். ஒரு சிறு மரக்குச்சியின் இரு முனைகளிலும் வலுவான காந்த வில்லை ஒவ்வொன்றை ஒட்டுங்கள். ஒன்றின் வடமுனையும் மற்றொன்றின் தென்முனையும் கீழ்நோக்கி இருக்கவேண்டும். குச்சியின் நடுவில் நூல் கட்டி, கண்ணாடியை உரசாமல் அதற்கு மிக நெருக்கமாகத் தொங்கவிடுங்கள். நூலை நன்றாக முறுக்கிவிட்டுக் கையை எடுங்கள்.

காந்தங்கள் சுழலும். சற்று நேரத்தில், கீழே மிதக்கும் தட்டும் அதே திசையில் மெல்லத் திரும்பத் தொடங்கும்!

அலுமினியத்தைக் காந்தம் கவராது என்பதை அறிவீர்கள். பின் எப்படி? 'காற்று தள்ளியிருக்கும்' என்று உங்கள் நண்பர் சொல்லலாம். அதற்காகத்தான் இடையில் கண்ணாடி வைத்தோம். அவர் இன்னும் நம்பவில்லையென்றால், அலுமினியத் தட்டுக்குப் பதிலாக அதே அளவு பிளாஸ்டிக் தட்டை மிதக்க விட்டுக் காட்டுங்கள். அது அசையாது. இவ்வாறு ஒவ்வொரு சந்தேகத்திற்கும் ஒரு சோதனை வைப்பதுதான் விஞ்ஞானம். மந்திரவாதி இதனை ஒருபோதும் அனுமதிக்கமாட்டான்!

இத்தகைய விளைவைப் பிரெஞ்சு விஞ்ஞானி அராகோ 1824-இல் கண்டார். ஆனால் அவரால் காரணம் கூற இயலவில்லை. 1831-இல் ஃபாரடே விளக்கினார். காந்தம் நகரும்போது தட்டின் ஊடே செல்லும் காந்தப் புலம் மாறுகிறது. மாறும் காந்தப் புலம் உலோகத்தில் மின்னோட்டத்தைத் தூண்டுகிறது. மின்னோட்டம் பாயும் உலோகத்தைக் காந்தப் புலம் தள்ளுகிறது. பிளாஸ்டிக்கில் மின்னோட்டம் பாய இயலாது. ஆகவே அதற்கு அசைவில்லை.

காந்தத்தைச் சுழற்றாமல் காந்தப் புலத்தை மட்டும் சுழற்ற முடியுமா? முடியும் என்று 1880-களில் இத்தாலியின் ஃபெர்ராரிசும், அமெரிக்காவில் குடியேறிய டெஸ்லாவும் தனித்தனியே காட்டினார்கள். நம் கிணற்று மோட்டாரின் உறைக்குள் நிலையாக இருக்கும் பகுதியில் மூன்று தொகுதிக் கம்பிச் சுருள்கள் உள்ளன. அவற்றுக்கு மூன்று 'பேஸ்' மின்சாரம் செல்கிறது. மூன்றிலும் மின்னோட்டம் ஒரே நேரத்தில் உச்சத்தை அடைவதில்லை. ஒன்றன்பின் ஒன்றாக அடைகிறது. திருவிழாவில் வண்ண விளக்குகள் ஓடுவதுபோல் தெரியுமே, ஒவ்வொரு விளக்கும் நின்ற இடத்திலேயே இருக்க, ஒளி மட்டும் ஓடும். அதுபோலச் சுருள்கள் நின்ற இடத்திலேயே இருக்கக் காந்தப் புலம் மட்டும் வட்டமாகச் சுற்றுகிறது. நடுவில் இருக்கும் உருளையில் அலுமினியம் அல்லது செம்புச் சட்டங்கள் பதிக்கப்பட்டு, இரு முனைகளிலும் வளையங்களால் இணைக்கப்பட்டிருக்கின்றன. பார்ப்பதற்கு அணில் கூண்டு போலிருக்கும். நம் மிதக்கும் தட்டுக்கு நேர்ந்ததே இதற்கும் நேர்கிறது. புலம் சுற்ற, கூண்டும் அதன் பின்னே சுற்றுகிறது.

பின்னே என்ற சொல்லைக் கவனியுங்கள். நம் மின்சாரம் நொடிக்கு 50 சுழற்சி உடையது. நான்கு துருவ மோட்டாரில் காந்தப் புலம் நிமிடத்திற்கு 1500 முறை சுற்றும். ஆனால் மோட்டாரின் மேலுள்ள தகட்டைப் படித்தால் 1440 அல்லது அதையொட்டிய எண்ணே இருக்கும். எப்போதும் ஒரு சிறு பின்தங்கல். ஏன்? கூண்டு புலத்தோடு சரிசமமாக ஓடிவிட்டால், கூண்டைப் பொறுத்தவரை புலம் மாறுவதேயில்லை. மாறாத புலம் மின்னோட்டத்தைத் தூண்டாது. மின்னோட்டம் இல்லையேல் தள்ளும் விசையும் இல்லை. பின்தங்குவதால்தான் அது ஓடுகிறது!

மணல் அடைத்து மோட்டார் சுழலாமல் நின்றுவிட்டால் என்னவாகும்? பின்தங்கல் முழுமையாகிவிடும். அப்போது சுருளில் வழக்கமான மின்னோட்டத்தைப் போல ஐந்தாறு மடங்கு பாயும். வெப்பமோ மின்னோட்டத்தின் இருமடியைப் பொறுத்தது. 6 மடங்கு மின்னோட்டம் என்றால் 36 மடங்கு வெப்பம். 'காயில் கருகிவிட்டது' என்று விவசாயி தலையில் கைவைத்து உட்காருவதற்குப் பின்னால் இந்த இயற்பியல்தான் இருக்கிறது. சாபமோ, கெட்ட நேரமோ இல்லை.

தெரிந்தால் போதாது, செய்யவேண்டும்

ஒரு கேள்வி எழலாம். ஃபெர்ராரிசும் டெஸ்லாவும் அரை நூற்றாண்டுக்கு முன்பே வழிகாட்டிவிட்டார்களே, 1937-இல் இங்கே செய்ததில் என்ன புதுமை?

தத்துவம் தெரிவது வேறு. பொருளைச் செய்வது வேறு. மோட்டாரின் இரும்புப் பகுதி ஒரே கட்டியாக இருந்தால் அதற்குள்ளேயே வேண்டாத மின்னோட்டங்கள் சுழன்று சூடேற்றும். ஆகவே அதனை மெல்லிய தகடுகளாக வெட்டி, ஒவ்வொன்றுக்கும் மின்காப்புப் பூசி அடுக்கவேண்டும். சுழலும் உருளைக்கும் நிலையான பகுதிக்கும் உள்ள இடைவெளி மிகச் சிறியது. சிறு மோட்டார்களில் ஒரு மில்லிமீட்டர்கூட இராது. இடைவெளி கூடினால் வலு குறையும். அச்சு சற்றே விலகினால் உரசும். இத்தனையையும் துல்லியமாகச் செய்யும் கைகளையும் கருவிகளையும் உள்ளூரிலேயே உருவாக்கவேண்டும். மோட்டார்கள் கப்பலில் வந்து இறங்கிய காலத்தில், 'இதை நாமே செய்வோம்' என்று துணிந்ததுதான் புதுமை. பின்னாளில் கோவை மோட்டார்களுக்கும் பம்புகளுக்கும் பெயர்பெற்ற நகரமாயிற்று.

நாயுடுவின் கைகள் அதோடு ஓயவில்லை. உலர் மின்கலத்தால் இயங்கும் சிறு மோட்டார் பொருத்திய 'ரேசண்ட்' சவரக் கருவி, மண்ணெண்ணெயால் ஓடும் விசிறி, பழச்சாறு பிழியும் கருவி, முறைகேடு செய்ய இயலாத வாக்குப் பதிவு இயந்திரம் என்று பட்டியல் நீளும். பருத்தியிலும் பப்பாளியிலும் புதிய வகைகளை வளர்த்துக் காட்டினார். அவருடைய பண்ணையைக் காண சர் சி.வி. ராமனும் விசுவேசுவரய்யாவும் வந்தார்கள்.

எல்லாம் வெற்றியில் முடியவில்லை. ஐந்து வால்வு வானொலிப் பெட்டியை 70 ரூபாய்க்குச் செய்து தரமுடியும் என்று 1941-இல் அறிவித்தார். 1952-இல் இருவர் அமரும் கார் ஒன்றை 2,000 ரூபாய் விலையில் உருவாக்கினார். ஆனால் அதற்கு அரசின் உரிமம் கிடைக்காததால் உற்பத்தி நின்றது. கதைகளில் மந்திரக்கோலை அசைத்தால் போதும். உண்மை உலகில் கண்டுபிடிப்பாளருக்கு முதலும் வேண்டும், உரிமமும் வேண்டும், பொறுமையும் வேண்டும்.

பள்ளியை விட்டவர் அமைத்த கல்லூரி

ஆரம்பப் பள்ளியோடு நின்றவர் என்று சொன்னேன் அல்லவா? 'அப்படியானால் நாமும் பள்ளியை விட்டுவிடலாமே' என்று யாரேனும் மகிழ்ந்தால், அடுத்த செய்தியையும் கேளுங்கள். கோவையில் ஆர்தர் ஹோப் தொழில்நுட்பப் பயிற்சிப் பள்ளியும், 1945-இல் ஆர்தர் ஹோப் பொறியியற் கல்லூரியும் தோன்ற உழைப்பும் பொருளும் தந்தவர் அவரே. அக்கல்லூரிதான் இன்று கோவை அரசு தொழில்நுட்பக் கல்லூரியாக விளங்குகிறது. பொறியியலுக்கு நான்கு ஆண்டுகள் எதற்கு, செய்முறையோடு கற்றால் இரண்டு ஆண்டுகள் போதுமே என்பது அவர் கருத்து. அரசு அதனை ஏற்காததால் கல்லூரிப் பொறுப்பிலிருந்து விலகினார்.

அவர் சொன்னது முழுவதும் சரியா? நான் ஓர் ஆசிரியன். இரண்டு ஆண்டுகள் போதும் என்று என்னால் ஒப்புக்கொள்ள இயலவில்லை. ஃபாரடேயின் விதி தெரியாமல் மோட்டாரை ஆயிரம் முறை பிரித்தாலும், மின்னோட்டம் ஏன் ஆறு மடங்காகிறது என்பது விளங்காது. ஆனால் அவருடைய கோபம் நியாயமானது என்பதை ஒப்புக்கொள்கிறேன். விதியை மட்டும் சொல்லிக் கொடுத்து, மோட்டாரைக் காட்டாமல் அனுப்புவது எங்களைப் போன்றவர்கள் செய்யும் தவறு. ஏட்டையும் பட்டறையையும் பிரிக்கக்கூடாது என்பதே அவர் வாழ்க்கை நமக்குச் சொல்லும் பாடம்.

பூதத்தை ஏவுவோர் கவனத்திற்கு

1974-ஆம் ஆண்டு ஜனவரி 4-ஆம் நாள் ஜி.டி. நாயுடு மறைந்தார். மோட்டார்கள் பெருகின. கவலை மறைந்தது. மாடுகளின் முதுகுக்கு ஓய்வு கிடைத்தது.

ஆனால் கதைகளில் ஓர் எச்சரிக்கை வருமே, பூதத்தை வரவழைத்தவன் அதை நிறுத்தவும் அறிந்திருக்கவேண்டும் என்று. மாடு களைத்தால் நின்றுவிடும், மோட்டார் நிற்காது. மழையால் ஊறுவதைவிட வேகமாக இறைத்ததால் நிலத்தடி நீர் கீழே போனது. கிணறு வற்றி ஆழ்துளைக் கிணறு வந்தது. நம் மாவட்டத்துப் பாறைகளில் ஃப்ளூரைடு உப்புகள் உண்டு. பாறை இடுக்குகளில் நெடுங்காலம் தங்கிய நீரில் அவை கரைகின்றன. குடிநீரில் லிட்டருக்கு 1.5 மில்லிகிராமுக்கு மேல் ஃப்ளூரைடு இருந்து, அதைத் தொடர்ந்து பருகினால் பல்லில் பழுப்புக் கறை படியும். மிகுந்தால் எலும்பும் பாதிக்கப்படும். இந்தத் துன்பத்தைப் போக்கவே ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் 2013-இல் தொடங்கி வைக்கப்பட்டது. காவிரி நீரை மேட்டு நிலத்திற்கு ஏற்றி அனுப்புபவையும் மின்மோட்டார்களே. துன்பம் பெருகத் துணைபோன அதே கருவி, அதனைத் தீர்க்கவும் உழைக்கிறது. எவ்வளவு இறைக்கலாம், எப்போது நிறுத்தவேண்டும் என்பதை மோட்டார் அறியாது. அது மனிதன் போடவேண்டிய கணக்கு.

நண்பர்களே, உங்கள் ஊரில் மோட்டார் காயில் கட்டும் பட்டறை கட்டாயம் இருக்கும். விடுமுறை நாளொன்றில் அங்கே சென்று, அங்கு வேலை செய்யும் அண்ணனிடம் பணிவாகக் கேட்டு, பிரித்து வைத்த மோட்டாரைப் பாருங்கள். சுருள்களை எண்ணுங்கள். உருளையைக் கையிலெடுத்து அணில் கூண்டைத் தேடுங்கள். வீட்டில் மின் இணைப்புள்ள எதையும் பெரியவர்கள் துணையின்றித் திறக்கவேண்டாம். பழுதாகி மூலையில் கிடக்கும் பொம்மையும் சைக்கிள் மணியும் தொடக்கத்திற்குப் போதும்.

இறுதியாக உங்களுக்கு இரண்டு கேள்விகள். சில மோட்டார்களின் தகட்டில் 1440-க்குப் பதிலாக 2880 என்று பொறித்திருக்கும். அவற்றுக்கு எத்தனை துருவங்கள்? நம் சோதனையில், குச்சியின் இரு முனைகளில் ஒட்டிய காந்தங்களை எடுத்துவிட்டு, ஒரே ஒரு வட்டக் காந்தத்தைக் குச்சியின் நடுவில் ஒட்டி அது நின்ற இடத்திலேயே சுழலும்படி செய்தால் தட்டு திரும்புமா? விடையைப் புத்தகத்தில் தேடுமுன் செய்து பாருங்கள். நாயுடு அப்படித்தான் செய்திருப்பார்.